விரால் குஞ்சுகளைப் படமெடுத்த வாரம்

11 மார்ச் 1986, செவ்வாய்

ஃபிலிம் சுருள் கணக்கு எழுத வேண்டிய நோட்டு இது. பின்பக்கத்தில் சொந்தக் கதை எழுதுகிறேன், மன்னிக்கணும். வாய் திறந்து பேச வராதவள் வேறு எங்கே போவாள்?

செரண்டா ஈயக்குட்டையில் இன்று மூன்றாம் நாள். ஈயம் தோண்டிவிட்டுப் போன பள்ளம். தண்ணீர் பச்சைக் கண்ணாடி. விரால் மீன் தன் குஞ்சுகளைக் காப்பதை மங்கையற்கரசி அக்கா உள்ளே இறங்கிப் படமெடுக்கிறார். கரையில் சுருள் மாற்றி, கேமராவைத் தண்ணீர் புகாத பெட்டியில் வைத்து மூடிக் கொடுப்பது நான். ஒரு சுருள் மூன்று நிமிடம்கூட வராது.

அக்கா இறங்கும்போதெல்லாம் எனக்குப் பதினோரு வயதாகிவிடுகிறது. ரப்பர்த் தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டி ஒரு கடல் படம் காட்டினார்கள். சண்டைப் படம் போடச் சொல்லி எல்லாரும் கத்தினார்கள். கடைசியில் வந்த பெயரை நான் மட்டும் படித்தேன். மங்கையற்கரசி. ஒரு தமிழ்ப் பெண்ணின் பெயர்! மறுநாள் எங்கள் லய வீட்டுக்குப் பின்னால் கால்வாயில் முகத்தை அமுக்கிக் கண்ணைத் திறந்தேன். புல் ஆடியது. ஒரு சின்ன மீன் என்னைப் பார்த்தது. சிவந்த கண்ணோடு வீட்டுக்குப் போனால் அம்மா, "மீன் புடிக்கப் போனியா, மீனாவே ஆகப் போனியா?"

12 மார்ச்

மேகம். ஒன்றும் எடுக்கவில்லை.

14 மார்ச், வெள்ளி

விலங்கியல் பட்டம் வாங்கினாலும் வெள்ளிக்கிழமை தலை முழுகாமல் அம்மா விடமாட்டார். ஈர முடியை விரித்துப் போட்டபடியே வேலை செய்தேன்.

குஞ்சுகள் செம்மிளகாய் நிறத்தில் கூட்டமாக மேலே வந்தன. கீழே தகப்பன் மீன் காவல். அக்கா இறங்கினார். இரண்டே நிமிடத்தில் மேலே வந்துவிட்டார். பெட்டிக்குள் தண்ணீர்.

திறந்தது நான். மூடியின் ரப்பர் வளையத்தின் மேல் ஒரு நீள முடி. என் முடி. ஒரு முடி கிடந்தாலும் ரப்பர் ஒட்டாது, தண்ணீர் கசியும் என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள். அக்கா முகமூடியைக் கழற்றுவதற்குள் அதை எடுத்து மறைத்துவிட்டேன்.

ஏன் செஞ்சேன்? ஏன்டி செஞ்சே?

நான் மூடும் முன் கடைசியாக விரலால் வளையத்தைத் தடவிப் பார்ப்பது அக்காவின் வழக்கம். தன் விரலையே பார்த்துக்கொண்டு நின்றார். தெப்பம் தள்ளும் ஐயாவு அண்ணன் சும்மா இருக்கக் கூடாதா? "வெள்ளிக்கிழமைதானே லா, கேமராவும் தலை முழுகிருச்சு!"

எல்லாரும் சிரித்தார்கள். நானும்.

15 மார்ச்

"எனக்கு நாப்பத்தஞ்சு வயசு. போன வருசம் காது. இப்ப விரலும் மரத்துப் போச்சுது. வேற ஆள் வந்து முடிக்கட்டும்" என்றார் அக்கா. இனித் தண்ணீருக்குள் இறங்கப் போவதில்லை என்று கோலாலம்பூர் ஆபீசுக்குக் கடிதம். அதை டைப் அடித்ததும் நான்தான். இரண்டு பிழைகள். அக்கா பொறுமையாகத் திருத்தினார்.

16 மார்ச், ஞாயிறு

அம்மாவிடம் சொன்னேன். "நாளைக்கே போய்ச் சொல்லிடு. வேலை போனா என்ன, பால் வெட்ட வா. கத்தி இருக்கு."

17 மார்ச், திங்கள்

தபால் நிலையத்தின் எதிரே வேனை நிறுத்திவிட்டு அக்கா கடிதத்தை எடுத்தார்.

"அக்கா, அது உங்க விரல் இல்ல. மூடுறப்ப விழுந்த என்னோட முடி. நான்தான் எடுத்து மறைச்சேன்."

 அக்கா தன் யாழ்ப்பாணத் தமிழில், "மூண்டு நாளா என்னைக் கிழவியாக்கி வச்சிருந்தனியே!" என்று தெருவே திரும்பிப் பார்க்கக் கத்தினார். திட்டி முடித்ததும் வியர்த்த முகத்தை அந்தக் கடிதத்தாலேயே விசிறிக்கொண்டார். குஞ்சுகள் சிவப்பாக இருப்பது இன்னும் சில நாள்தானாம். இரவல் கேமரா நாளை வருமாம். "கொண்டையை இறுக்கிப் போட்டுக்கொண்டு வா."

வேலை போகவில்லை. அத்தோடு நான் வாயை மூடியிருக்க வேண்டும். ஆனால் இத்தனை வருடம் கேட்காதது, கேட்கவே கூடாத நாளில் வந்துவிட்டது:

"அக்கா... ஒரே ஒரு தடவ, என்னையும் கீழ கூட்டிட்டுப் போறீங்களா?"