இடைக்கால உத்தரவும் ஆட்டுக்கிடையும்

ஆனி 12, புதன்
காலையிலிருந்து காற்று. கண்ணெல்லாம் மண். முட்டிக்குத் தைலம் வாங்க வேண்டும்.

மதுரைக் கோர்ட்டில் இடைக்கால உத்தரவு வந்துவிட்டது. குடும்பக் கோர்ட், விவாகரத்தோடு மூன்று ஏக்கரையும் என் வீட்டுக்காரருக்கே கொடுத்தது. அதன்மேல் நான் போட்ட அப்பீல். என் நகையை விற்று வாங்கிய நிலம். பத்திரம்தான் அவர் பெயரில். அப்பீல் முடியும்வரை அவர் விற்கக்கூடாது, உள்ளே இறங்கக்கூடாது. அதுவரை நிலத்தின் அனுபவ உரிமை என்னுடையது. உத்தரவு இங்கிலீஷில். பேத்தி செல்வி தமிழில் எழுதிக் கொடுத்தாள். ஆறு தடவை படித்தேன்.

வக்கீலம்மா போனில்: "இது தற்காலிகந்தாம்மா. அடுத்த வாய்தாவுல நிலம் யார் கையில இருக்குன்னு கேப்பாங்க. விட்றாதீங்க."

விடுவேனா.

ஆனி 13, வியாழன்
வெயில். செல்வி ஓடி வந்தாள். "அப்பத்தா, தாத்தா நம்ம நிலத்துல கிடை போடச் சொல்லிட்டாராம்!"

உரத்துக்கு ஆடு அடைக்கச் சொல்பவர்தான் நிலத்துக்காரர். கிடைக்காரர்களுக்குச் சோறும் அவர் வீட்டிலிருந்தே போகும். ஊர் வழக்கம். அவர் சோறு போட்டால் ஊரே அவருக்குச் சாட்சி.

நரிக்குடி பஸ். கீதாரியைப் பிடித்தேன், மந்தைக்கு அவர்தான் பெரியவர்.

"கோர்ட்டுக் காயிதத்த ஆடு தின்னுரும் தாயி."

"திங்கட்டும். நீங்க காதக் குடுங்கண்ணே."

வாசித்தேன். ஒரு இடத்திலும் தடுமாறவில்லை. ஐந்தாம் வகுப்பு என்றால் லேசா.

தலையைச் சொறிந்தார். "அவுகல்ல முந்திக் கேட்டாக. நாளைக்குக் கிடை வரும். பாப்போம்."

பிடி கொடுக்கவில்லை.

ஆனி 14, வெள்ளி
அரிசி இரண்டு படி. மொச்சைக் குழம்பு. அப்பளம். வாழை இலை. உத்தரவு, பிளாஸ்டிக் பையில்.

நாலு மணிக்கே நிலத்தில் நான். ஐந்துக்கு ஆடுகள். பின்னாலேயே அவர், பைக்கில். பந்தல்குடியில் தனிக்குடித்தனம், சமைக்க ஆளில்லை. கையில் ஓட்டல் பொட்டலம்.

"பிரியாணிப்பா. சூடு ஆறல."

வாசனை எனக்கே இழுத்தது. பொய் சொல்வானேன்.

"வரப்புலயே நில்லுங்க," என்றேன். "இறங்குனா கோர்ட்டுக்குப் பதில் சொல்லணும்."

"ஒனக்கு ரொம்பத்தான் ஏத்தம்."

"எழுத்துல இருக்கு. படிக்கவா?"

கீதாரி இரண்டு பேரையும் பார்த்தார். பொட்டலத்தையும் பார்த்தார். "கிடைக்கு ஓட்டல் சோறா அய்யா? எங்க பாட்டன் காலத்துலயும் கேட்டதில்ல." திரும்பினார். "ஏலே, எலையப் போடு. நிலத்துக்காரவுக சோறு வந்துருச்சு."

கிடைக்காரர்கள் மூன்று பேரும் வயிறார. அவர் வரப்பிலேயே நின்றார். போகவும் இல்லை.

"பசிச்சா உக்காருங்க. கிடைக்குப் போட்டது போக மிச்சமிருக்கு."

வரப்புக்கு அந்தப் பக்கமாக உட்கார்ந்தார். குழம்பு இரண்டு தடவை கேட்டார்.