சொல்லுலைக்குச் சாட்சி சொல்லாத ஓலை

ஏழாற்று நாட்டில் நீரும் நெல்லும் குறையாதிருக்க. கோல் சாயாத பேரரசர் சேந்தமாவேளார் திருவடி நிலைக்க. வடகணவாய்க் கோட்டையை முப்பத்தாறு ஆண்டுகளாகக் காத்துவரும் எயினன் எழுத்தறியாதவனாகையால், அவன் வாயாற் சொல்லக் கோட்டை எழுத்தன் மாலன் செம்பாறை மலையிலிருந்து எழுதி விடுக்கும் ஓலை. திருமுன் வாசிப்போர் சொல்லின் முரட்டுத்தனத்தைப் பொறுத்தருள்க.

முதலில் எயினனின் மனக்குறை. இக்காலத்தில் உயிரோடிருப்பவன் தலையிலடித்துச் சத்தியம் செய்தாலும் ஒருவரும் நம்புவதில்லை. இரும்பு முனகினால் மட்டும் மேலாடையை இடுப்பிற் கட்டிக்கொண்டு கேட்கிறார்கள். முன்பெல்லாம் போரில் ஒருவன் விழுந்தால், பக்கத்தில் நின்றவன் வந்து வாசலில் உட்கார்ந்து சொல்வான், வீட்டார் அழுவார்கள். இப்போது பக்கத்தில் நின்றவனே, நான் பார்க்கவில்லை, உலையைப் போய்க் கேள் என்று சொல்லிவிட்டுச் சோற்றில் கை வைக்கிறான்.

இனிச் செய்தி. கருமணல் துறைப் போர் முடிந்து எட்டுத் திங்களாகியும் எயினனின் ஒரே மகன் ஆதன் பிணமாகவும் கிடைக்கவில்லை, ஆளாகவும் திரும்பவில்லை. ஓடிப்போனவர் வரிசையில் அவன் பெயர் ஏறிற்று. அன்றுமுதல் ஆதன் மனைவி வெண்ணி ஊரெல்லாம் மொண்டபின் கலங்கல் நீர் மொள்ளுகிறாள். கோயில் வாசலுக்கு வெளியே நின்று கும்பிடுகிறாள். களத்திற் பொறுக்கிய உடைந்த இரும்பு இச்செம்பாறை மலைச் சொல்லுலைக்கு வருகிறது, அங்கே எயினன் சாட்சி நின்று முத்திரையிட வேண்டும் என்று திருமுகம் வந்தது. ஆணை ஆணைதான். மருமகளையும் அழைத்துக்கொண்டு மலையேறினான்.

அவ்வுலையின் வழக்கம் திருவுளம் அறிந்ததே. உயிர் குடித்த இரும்பைக் காய்ச்சி அடித்து நீரில் தோய்த்தால், அதனால் மாண்டவனின் கடைசிச் சொல் ஆவியோடு எழும் என்பார்கள். பெற்றவர் இருந்தால் பெற்றவரே ‘கேட்டேன்’ என்று மும்முறை சொல்ல வேண்டும். சொன்னால் இரும்பு ஊமையாகும். இறந்தவன் வீரர் வரிசையில் ஏறுவான். சொல்லாவிட்டால் அது ஓயாது.

எயினன் வந்தவுடன் கும்பிடவில்லை. துருத்திக்குப் பின்னாலும் தோய்க்கும் நீர்த்தொட்டிக்கு அடியிலும் ஈட்டியால் குத்திப் பார்த்தான். உலைத்தலைவி கொற்றி கையிற் குறடோடு அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“உள்ள ஆள் ஒளிஞ்சிருந்தா இந்நேரம் வெந்திருப்பான், காவலரே. சந்தேகம்னா நீரே எறங்கிப் பாரும்” என்றாள். கூட்டம் சிரித்தது. எயினன் இறங்கவில்லை, நம்பவுமில்லை.

உச்சிப்பொழுதில் தோய்ப்பு தொடங்கிற்று. முதல் துண்டு ஒரு பெண்ணின் பெயரைச் சொல்ல, கூட்டத்தில் ஒருத்தி அவிழ்ந்த கூந்தலை முடிந்துகொண்டாள். அருகில் நின்ற அவள் மாமியார் ‘கேட்டேன்’ என்றாள். இரண்டாம் துண்டு இருமிற்று, அவ்வளவே. அந்த இருமலை அறிந்த கிழவர் ஒருவர் இருந்தார். வெயில் அப்படிக் காய்ந்தும் உலைக்களத்தில் ஒருவர் நிழலும் அசையவில்லை. சூட்டிரும்பு நீரில் சீறத்தானே செய்யும் என்றே எயினன் நின்றான்.

ஏழாவது ஓர் உடைந்த வேல்முனை. அது நீருக்குள் போனதும் ஆதன் குரல் வந்தது.

“ஐயா, கட்டிப்போடச் சொன்னேனே. இந்தா, வந்துருச்சு பாரும்.”

இதன் பொருள் அரசருக்குத் தெரிய வேண்டும். ஆதன் போருக்குப் போன நாளில் கருவாலி என்னும் அவன் நாய் பின்னாலேயே ஓடிற்று. அதைக் கட்டிப்போடும்படி தகப்பனிடம் சொல்லிச் சென்றான். கோட்டை வாயிலில் நூறு பேர் அதைக் கேட்டார்கள். எயினனும் கட்டினான். மறுநாள் நாயைக் காணோம். கயிறு அறுந்தது என்று ஊருக்குச் சொன்னான். கயிறு அறவில்லை. பிள்ளை தனியே போகிறானே என்று விடியலில் அவனே அவிழ்த்துவிட்டான். இன்றுவரை அதை ஒருவரிடமும் சொன்னதில்லை. மெய்யே எழுதுக என்பது ஆணையாகையால் சொல்லுகிறான்.

குரல் மறுபடியும் அதையே சொல்லிற்று, பிறகும் சொல்லிற்று. சம்மட்டிகள் நின்றன. வெண்ணி எயினன் கையைப் பிடித்தாள். இதற்குமுன் அவள் அவனைத் தொட்டதில்லை.

“மாமா, அவர் கொரல்தான். சொல்லிடுங்க. நானும் அழுது முடிக்கணும்” என்றாள்.

எயினன் கையை விடுவித்து ஈட்டியைப் பற்றினான். கொற்றி குறடைக் கீழே வைத்துவிட்டு வந்து, இம்முறை கேலியில்லாமல், அந்த ஒரு சொல்லால் அவன் மகன் ஓடிப்போனவன் என்னும் பழி தீருமே என்று எடுத்துச் சொன்னாள்.

“ஓடிப்போனவன் என்னைக்காவது வருவான், தாயி” என்றான் எயினன். “நீ சொல்றவன் வரமாட்டான்.”

ஆகவே அவன் ‘கேட்டேன்’ என்று சொல்லவில்லை. நாய் எல்லா வீட்டிலும் உண்டு என்கிறான். நாயைக் கட்டச் சொல்லாத பிள்ளையும் இல்லை என்கிறான். அவன் வேண்டுவது ஒன்றே. மகன் ஓடியது குற்றமாயின் பழி பெற்றவன் தலையில் விழட்டும். எயினனைக் கோட்டைக்கு வெளியே நிறுத்துக. வெண்ணி கோயிலுக்குள் போகவும், ஊரோடு ஒப்ப நீர் மொள்ளவும் ஆணை தருக.

கீழே இட்ட எருதுத்தலை முத்திரை எயினன் இங்கே வந்து நின்றதற்கு மட்டும் இட்டது, கேட்டதற்கு இட்டதன்று. ஏழாறும் கடல் சேருமட்டும் அரசர் வாழ்க.

முத்திரை வைத்தபின் நடந்ததை மாலன் தன் பொறுப்பில் எழுதுகிறான். வெண்ணி தொட்டியின் அருகே உட்கார்ந்துவிட்டாள்; எழவில்லை. எயினன் அவளை அழைக்கவில்லை. தொட்டி பேசிக்கொண்டிருக்க, ஈட்டியை ஊன்றி மலைப்பாதையில் இறங்கினான். பின்னால் வந்த மாலன் பார்க்க, முதல் வளைவில் ஒருமுறை நின்றான். “வெறும் ஆவிதான்” என்று, கேட்பார் எவருமில்லாத பக்கம் பார்த்துச் சொல்லிவிட்டு, தொடர்ந்து இறங்கினான்.