சிவப்பு பல்பின் மேல் ஒரு கிள்ளுச் சாம்பிராணி

என் றீற்றாவுக்கு, எங்கே இருந்தாலும் என் குரல் உனக்குக் கேட்கும் என்ற நம்பிக்கையில் எழுதுகிறேன்.

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் எனக்கு மூச்சு வராது. நேற்று உன் நாடகத்தில் விசுவாசத்துக்காகச் சாகவேண்டிய வேதசாட்சி சாகவில்லை. பிரெடெரிசியா மண்டபம் நிறைந்த சனத்துக்கு முன்னால், நம் மகள் ஷெரின் மன்னனின் சிலைக்குச் சாம்பிராணி போட்டுவிட்டாள்.

நீ போன பிறகு வந்த முதல் கோயில் பெருநாள். உன் நினைவாக நீ எழுதிய நாடகத்தையே போடுவோம் என்று எல்லோரும் சொன்னார்கள். ரோமர் கிறிஸ்தவர்களைக் கொன்ற வேதகலாபனைக் காலத்துக் கார்த்தேஜ் நகரம். கைக்குழந்தையோடு சிறையில் கிடக்கும் இளம் தாய், சிலைக்கு ஒரு கிள்ளுச் சாம்பிராணி போட்டால் வீட்டுக்குப் போகலாம். போட மாட்டாள். அவளுடைய கிழட்டுத் தகப்பன் காலில் விழுந்து கெஞ்சுவான். அப்போதும் போட மாட்டாள். தாய் வேஷம் ஷெரினுக்கு, தகப்பன் வேஷம் எனக்கு. தகப்பனுக்கு நீ நாலு வரிதான் எழுதியிருந்தாய். நான் வாயைத் திறந்தால் மூடமாட்டேன் என்று உனக்குத் தெரியாதா?

மண்டபத்தில் நெருப்புக் கொளுத்தக் கூடாது என்று பொறுப்பாளர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். அதனால் தணலுக்குப் பதிலாகத் தட்டில் சிவப்பு பல்பை வைத்துச் சுற்றிவரத் தாள் ஒட்டினோம். மன்னனின் தலை வெள்ளை ரெஜிபோம் அட்டையில் வெட்டியது. மூக்கு உன் தம்பியின் மூக்கு மாதிரியே வந்துவிட்டது. நீ இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பாய்.

நாலு வரியையும் ஒழுங்காகத்தான் சொன்னேன். பிறகு அவளுடைய முகத்தைப் பார்த்தேன். உன் சேலை, உன் நெற்றி. என் வாய் நிற்கவில்லை.

"போகாத பிள்ளை. என்னைத் தனிய விட்டிட்டுப் போகாத. நான் என்ன செய்வன்?"

இது நாடக வசனமா? இதை முதலில் யாரிடம் சொன்னேன் என்று உனக்குத் தெரியும். இனி மருந்து வேண்டாம் என்று நீ சொன்ன அன்று, ஆஸ்பத்திரிக் கட்டிலின் பக்கத்தில் முழங்காலில் நின்று இதைத்தானே சொன்னேன்? நீ என் தலையைத் தடவி, "ஏலாதப்பா, விடுங்கோ" என்றாய். ஷெரின் அப்போது யன்னலடியில் நின்றிருந்தாள்.

'மாட்டேன்' என்பதுதான் நேற்று அவள் சொல்லவேண்டிய வசனம். அவளோ பொம்மைக் குழந்தையை ஒரு கைக்கு மாற்றிக்கொண்டு, மற்றக் கையால் சாம்பிராணியைக் கிள்ளிப் பல்பின் மேல் போட்டாள். "ஓகே, ஃபா" என்றாள். டெனிஷில், சரி அப்பா என்று.

பின்வரிசையில் ஒரு பெண் "ஐயோ யேசுவே!" என்று கத்தினாள். ஷெரினை மிருகங்களுக்குப் போடச் சொல்லவேண்டிய ஆளுநர், நம் யோசேப் அண்ணை, திருதிருவென்று முழித்துவிட்டு, "அப்ப... பிள்ளை வீட்ட போகலாம்" என்றார். ஒருவரும் சிரிக்கவில்லை.

எனக்கு என்ன வந்தது தெரியுமா? சந்தோஷம், றீற்றா. வேதசாட்சி விசுவாசத்தை மறுதலித்துவிட்டாள், எனக்குச் சந்தோஷம்! அதை நினைத்தால்தான் இப்போதும் திக்கென்கிறது.

பங்குச் சுவாமி எழுந்து மேடைக்கு வந்தார். "ஆத்திரப்படாதேங்கோ. அந்தக் காலத்திலயும் கனபேர் இப்பிடிச் செய்தவை. உயிருக்குப் பயந்து, பிள்ளையளுக்காக, தாய் தேப்பனுக்காக. பிறகு அழுதுகொண்டு திரும்பி வந்தவையைச் சேர்க்கிறதோ விடுறதோ எண்டு திருச்சபைக்குள்ளயே பெரிய சண்டை. கடைசியில சேர்த்தவை" என்றார். இத்தனை வயதுக்கு இதை நான் கேள்விப்பட்டதே இல்லை. நீ அறிந்திருந்தாயா?

கிரின்ஸ்டெட்டில் நம் வீட்டுக்குத் திரும்பும்போது காரில் கேட்டேன். "ஏன் பிள்ளை அப்பிடிச் செய்தனி?"

எப்போதும் டெனிஷில் பதில் சொல்பவள், தமிழில் சொன்னாள். "அம்மா 'ஏலாது' எண்டு சொல்லேக்க உங்கட முகத்தைப் பார்த்தனான். அந்த முகத்தைத் திரும்பப் பார்க்க என்னால ஏலாதப்பா."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. உனக்கு இன்னும் சொல்லவில்லையே. அவளுக்குக் கோபன்ஹேகனில் கட்டடக்கலை படிக்க இடம் கிடைத்திருக்கிறது. பக்கத்தில் டோஸ்ட்ருப்பில் உன் தங்கை வீட்டில் தங்கலாம். போன கிழமை என்னிடம் சொன்னபோது, "போகாத பிள்ளை, நான் தனிய என்ன செய்வன்?" என்றேன். உடனே "ஓகே, ஃபா" என்று சொல்லிவிட்டுத் தன் அறைக்குப் போய்விட்டாள். நல்ல பிள்ளை என்று நானும் நிம்மதியாகப் படுத்தேன்.

அதே குரல், அதே சொல். காரை ஓரமாக நிறுத்திவிட்டேன்.

"இடம் வேண்டாமெண்டு அறிவிச்சிட்டியோ?"

"இன்னும் இல்லை."

"அறிவிக்காத" என்றேன். அவள் அழத் தொடங்கினாள். நானும்தான்.

என்னிடம் ஏலாது என்று சொன்னதற்காக இத்தனை மாதமும் உன்மேல் கோபமாக இருந்தேன். உனக்கு என்மேல் அன்பே இல்லை என்றுகூட நினைத்தேன். அந்தத் தகப்பனுக்கு நாலு வரிக்குமேல் கொடுத்தால் எந்தப் பிள்ளையும் தாங்காது என்று தெரிந்துதான் நிறுத்தினாயா?

வகுப்புத் தொடங்குமுன் அவளுடைய பெட்டிகளை நானே காரில் ஏற்றிக்கொண்டுபோய், உன் தங்கை வீட்டு வாசலில் இறக்கிவிடுவேன். அங்கே நின்று நாலு வரிக்குமேல் பேசமாட்டேன். உனக்கு நான் தரும் வாக்கு இது. அழுகை வந்தால் கார்க் கதவைச் சாத்திய பிறகு அழுகிறேன்.

உன் 'ஏலாது'வை இப்போதுதான் ஏற்றுக்கொண்ட,
உன் கணவன், ஷெரினின் அப்பா,
சேவியர்