ஏரியை அவசரப்படுத்த வேண்டாம்

அனுப்புநர்
பள்ளிப் பேருந்து ஓட்டுநர்,
கடைசி வரிசை, கடைசி வீடு,
ஏரிக்கரைக் குடியிருப்பு.

பெறுநர்
உயர்திரு ஆணையர் அவர்கள்,
உயிர்ப்பருவ ஒத்திசைவுத் துறை,
தலைமை அலுவலகம்.

பொருள்: எங்கள் ஏரியின் பருவ வேகத்தைக் கூட்டும் பணியைக் கைவிட்டு, இயல்பு வேகத்துக்கு மட்டும் திருப்பக் கோருதல் – தொடர்பாக.

பார்வை: குடியிருப்பு வாயிலில் ஒட்டப்பட்ட தங்கள் துறையின் அறிவிப்பு.

மதிப்பிற்குரிய ஐயா,

1. மேற்கண்ட முகவரியில் நானும் என் கணவரும் வசித்து வருகிறோம். பின்வாசலைத் திறந்தால் ஏரித் தண்ணீர். கணவர் கண்ணாடி வெட்டும் பட்டறையில் வேலை பார்த்தவர். அந்தத் தூள் நுரையீரலில் இறங்கிவிட்டது. மழைக்காலத்தைத் தாண்டுவது கடினம் என்று மருத்துவர் என்னைத் தனியே அழைத்துச் சொன்ன சமயத்தில்தான் தங்கள் துறையினர் ஏரிக்கரையில் நிலையம் அமைத்தார்கள்.

2. அப்போது ஏரியின் பருவங்கள் குழம்பிக் கிடந்தது உண்மை. வண்டுகள் வருமுன் பூக்கள் உதிர்ந்தன. மீன்கள் தப்பான நேரத்தில் முட்டையிட்டன. பொரிந்த குஞ்சுகளுக்குத் தண்ணீரில் இரை இல்லை. ஏரியிலுள்ள எல்லா உயிர்களின் வேகத்தையும் குறைத்து, முந்தியவை காத்திருக்கவும் பிந்தியவை வந்து சேரவும் செய்வதே ஒத்திசைவு என்று நிலையப் பொறியாளர் எங்களைக் கூட்டிவைத்து விளக்கினார். கரையில் குடியிருப்பவர்களுக்கு என்ன ஆகும் என்று கேட்டோம். "மனுஷங்களுக்கு ஒண்ணும் ஆகாதும்மா, இது மீனுக்கும் செடிக்கும்தான்" என்றார்.

3. அந்த மழைக்காலம் போயிற்று. அதற்கடுத்ததும் போயிற்று. கணவர் இருக்கிறார். அவருக்கு முடிவெட்ட வருபவர், "அண்ணே, உங்க தலையை நம்பினா நான் கடையை மூட வேண்டியதுதான்" என்று கேலி செய்வார். நகம் வெட்ட மாதங்கள் ஆகின்றன. இருமல் கூடவில்லை. நாள் முழுவதும் வீட்டிலேயே இருப்பவர்களின் உடம்பு ஏரியோடு சேர்ந்துகொண்டது என்பதும், தினமும் வெளியே போய்வரும் என் போன்றவர்களை அது பிடிப்பதில்லை என்பதும் போகப் போகப் புரிந்தது. எனக்கு மட்டும் தலை நரைத்து வருகிறது. அதைப் பற்றி எனக்குப் புகார் எதுவும் இல்லை.

4. பக்கத்து வீட்டில் வெல்டரும் அவர் மனைவியும் இருக்கிறார்கள். நிலையம் வந்தபோது அவர்களுக்குக் கைக்குழந்தை. உருண்டை என்றுதான் தெருவே அவளைக் கூப்பிடும். அவளும் ஏரியோடு தங்கிவிட்டாள். அவள் பிறந்த அதே மாதத்தில், ஏரியிலிருந்து தள்ளியுள்ள அடுத்த தெருவில் பிறந்த பிள்ளைகள் இன்று பையை மாட்டிக்கொண்டு என் பேருந்தில் ஏறுகிறார்கள். உருண்டை இன்னும் தவழ்கிறாள். அவளை அத்தை வீட்டுக்குக் கொண்டுபோய் வைத்துப் பார்த்தார்கள். பால் குடிக்காமல், கூப்பிட்டால் கண் திறக்காமல் கிடந்தாள். ஏரியிலிருந்து பிரித்தால் உடம்பு தாங்காது என்று மருத்துவர் சொன்னதால் திரும்பக் கொண்டுவந்தார்கள். என் கணவருக்கும் அதுவே பொருந்தும் என்றார் அவர்.

5. ஆகவே வெல்டரின் மனைவி, ஏரியை இயல்புக்குத் திருப்பும்படி தங்களுக்கு மனு எழுதினார். கொடுக்க வேண்டாம் என்று நான் அவர் வாசலில் போய் நின்றேன். "உங்க வீட்டுக்காரர் இருக்கணும்னு என் பொண்ணு தவழ்ந்துக்கிட்டே இருக்கணுமாக்கா?" என்று கேட்டார். எனக்குக் கோபம்தான் வந்தது. வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். எங்கள் இரு வீட்டுக்கும் நடுவில் உள்ளது மெல்லிய சுவர். கணவர் எல்லாவற்றையும் கேட்டிருந்தார். "அவ கேட்டதுல என்ன தப்பு? நானும் எத்தனை காலம் இந்த ஜன்னலையே பாத்துக்கிட்டு இருக்கிறது?" என்றார். அன்று நான் அடுப்பு பற்றவைக்கவில்லை. அவர் மனுவைக் கொடுத்துவிட்டார். அதன்பின் வெகு நாட்கள் இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை இல்லை.

6. தங்கள் அறிவிப்பு ஒட்டப்பட்ட அன்று வெல்டரின் மனைவியே வந்து என் கதவைத் தட்டினார். 'பின்தங்கிய பருவங்கள் விரைவுபடுத்தி ஈடுசெய்யப்பட்டு, ஏரி நாட்காட்டியுடன் பொருத்தப்படும்' என்ற வரி அவருக்குப் புரியவில்லை. எனக்கும் திரும்பப் படித்த பிறகுதான் புரிந்தது. வலசைப் பறவைகள் வந்திறங்கும்போது மீன்குஞ்சுகள் தயாராக இருக்க வேண்டும் என்பதற்காக, விட்டுப்போன வருடங்களைச் சில வாரங்களில் ஓட்டி முடிக்கப் போகிறீர்கள். "நான் நிறுத்தத்தானே சொன்னேன், ஓட்டச் சொல்லலையேக்கா" என்று அவர் படியிலேயே உட்கார்ந்துவிட்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

7. நேற்று காலை, எங்களுக்கு ஒரு வார்த்தைகூடச் சொல்லாமல், சோதனை ஓட்டம் நடத்தப்பட்டது. ஏரியில் அல்லி மொட்டுகள் விரிந்து மதியத்துக்குள் அழுகி மிதந்தன. உருண்டைக்கு இரண்டு பக்கமும் கடைவாய்ப் பற்கள் ஒருசேர ஈறைக் கிழித்துக்கொண்டு வந்தன. வாயெல்லாம் ரத்தம். எவ்வளவு ஊட்டியும் பசி அடங்காமல் கத்தினாள். காலையில் போட்ட சட்டை அக்குளில் இறுகி, வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. என் வீட்டிலோ, காலையில் தானே எழுந்து பல் துலக்கியவர், உருண்டையின் நிலையைச் சொல்லி வெல்டர் போன் செய்ததும் நான் பிள்ளைகளைப் பள்ளியில் இறக்கிவிட்டு ஓடிவந்தபோது கழிவறை வாசலில் சுவரைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். எழுந்திருக்க முடியவில்லை. வெல்டர்தான் தூக்கிவந்து கட்டிலில் கிடத்தினார். நானும் அவர் மனைவியும் உருண்டையைத் தூக்கிக்கொண்டு நிலையத்துக்கு ஓடினோம். பொறியாளர் எங்களையும் குழந்தையின் வாயையும் பார்த்துவிட்டுக் கருவியை நிறுத்தினார். "மேலேருந்து வந்த உத்தரவும்மா. நீங்க அங்கதான் எழுதணும்" என்றார். அதனால் எழுதுகிறேன்.

8. ஏரியை இயல்பு வேகத்துக்குத் திருப்புவதை நான் இனி எதிர்க்கவில்லை. அது என் கணவருக்கு என்ன செய்யும் என்று தெரிந்தே இதை எழுதுகிறேன். அவரும் தெரிந்தேதான் கையொப்பமிடுகிறார். விரைவுபடுத்துவதை மட்டும் கைவிட வேண்டுகிறேன். ஒரு குழந்தை நடக்கவும் பேசவும், விழுந்து எழவும் பிடிக்கும் காலத்தை, ஈடுகட்ட வேண்டிய பாக்கி என்று தங்கள் கோப்பில் எழுத வேண்டாம். அதே போல, போகப்போகிறவருக்கும் ஒரு நாள் என்பது ஒரு முழு நாளாகவே போக வேண்டும். பறவைகளுக்கு இரை போதாது என்றால், வளர்ப்புக் குளங்களிலிருந்து மீன்குஞ்சு கொண்டுவந்து விடலாம். வாளி தூக்க இந்தக் குடியிருப்பில் ஆள் இருக்கிறது.

9. கடைசியாக ஒன்று. இயல்புக்குத் திருப்பும் நாளை எங்களுக்கு எழுத்து மூலம் முன்னதாகத் தெரிவிக்கக் கோருகிறேன். விடிந்ததும் கிளம்பினால் பொழுது சாய்ந்துதான் வீடு திரும்புகிறேன். இனி அப்படி இருக்க முடியாது. அந்த நாளிலிருந்து நான் அவர் பக்கத்தில் இருக்க வேண்டும். விடுப்பு கேட்டால் பணிமனையில் காரணமும் கேட்பார்கள், தேதியும் கேட்பார்கள். காரணத்தை நான் சொல்லிக்கொள்கிறேன். தேதியைத் தாங்கள்தான் தர வேண்டும்.

நாள்: சோதனை ஓட்டத்தின் மறுநாள்
இடம்: ஏரிக்கரைக் குடியிருப்பு

தங்கள் உத்தரவுக்குக் காத்திருக்கும்,
(ஒப்பம்)
பள்ளிப் பேருந்து ஓட்டுநர்

உடன் ஒப்பமிடுவோர்:
என் கணவர் (படுத்தபடியே ஒப்பமிட்டதால் எழுத்து கோணலாக உள்ளது)
பக்கத்து வீட்டு வெல்டர்
அவர் மனைவி