கணவாயின் வயிற்றில் இல்லாதது

ஐப்பசி 14, வெள்ளி

காலையில் துறைமுகக் கரையில் ஒரு ராட்சதக் கணவாய் செத்து ஒதுங்கியிருந்தது. தோணியைவிட நீளம். கண் மட்டும் சோற்றுக்கோப்பை அளவு. ஆழ்கடலில் இப்படியும் இருக்கிறதென்று இன்றைக்குத்தான் கண்டேன். சந்தையில் மீன் வெட்டுகிறவன் என்பதால் என்னைக் கூப்பிட்டார்கள்.

பாலையூற்றுப் பாக்கியக்கா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். அவருடைய கணவரின் தோணி வெறுமையாய் மிதந்து வந்து இன்றோடு இருபது நாள்.

"தம்பி, வயித்தை ஒருக்கா வெட்டிப் பாருங்கோ. அவர் கட்டியிருந்த சாரத்துண்டெண்டாலும் கிடக்கும்."

"இது மனிசரைத் தின்னாதக்கா."

"வெட்டுங்கோ."

வெட்டினேன். மூத்திர நாற்றம் அடித்தது. அக்கா முழங்கை வரை கையை விட்டுத் துழாவினார். மீன் கூழைத் தவிர ஒன்றுமில்லை.

"அப்ப அவர் எங்கயோ உயிரோட இருக்கிறார்" என்று சொல்லிவிட்டு, கையைக்கூடக் கழுவாமல் போனார்.

தோணி வெறுமையாய் வந்ததற்கு முந்தின மாலை அக்காவின் கணவர் கரைக்கு வந்தவர்தான். ராணுவச் சாவடியில் சிப்பாய்கள் அவரை வாகனத்தில் ஏற்றிவிட்டு, தோணியைத் திரும்பவும் தண்ணீருக்குள் தள்ளிவிட்டார்கள். நான் பார்த்தேன்.

நாளைக்கும் அதே சாவடியில் பாஸைக் காட்டித்தான் சந்தைக்குப் போகவேண்டும். இந்தத் தாளைக் கிழித்து அடுப்பில் போட்டுவிட்டுப் படுக்கிறேன்.