ஏழலைத் தீவுக்கு வராத புயல்

இன்று காலை தபாலில் வந்த பொதியைப் பிரித்ததும் முதலில் எழுந்தது உன் தைல வாடை. உன் மகள் உன் தொடர்கதையின் நான்காம் புத்தக அச்சுப்படியோடு உன் கடைசி நோட்டையும் சேர்த்து அனுப்பியிருக்கிறாள். நீ போய் ஒன்றரை ஆண்டாகிறது; வாடைக்கு அது தெரியவில்லை. ஜன்னலைத் திறந்துவிட்டு, பூதக்கண்ணாடியோடு மெய்ப்புப் பார்க்க உட்கார்ந்தேன். எழுபத்தெட்டு வயதுக்காரிக்குத் தரத்தக்க வேலை அல்ல இது. மகளின் முன்னுரையில் ஒரு வரியைத் தாண்ட முடியாமல் நின்றுவிட்டேன்: ‘புயலை எழுத அம்மாவுக்கு நேரம் வாய்க்கவில்லை.’

நீ அந்தத் தொடரை ஞாயிறு மலரில் தொடங்கியபோது நாம் மலேசியாவின் பத்து பாகாட் ஊரில் ஒரே பள்ளியில் இருந்தோம். நீ தமிழ் ஆசிரியை, நான் புவியியல். ஏழலைத் தீவு என்றோர் உலகத்தை உண்டாக்கினாய். அதற்கு இரண்டு நிலாக்கள், வாயாடும் ஆமைகள். முதல் அத்தியாயத்திலேயே உப்பளக்காரி ஒருத்தி, மேற்கிலிருந்து பெரும்புயல் வரும் என்று சொல்லிவிட்டுச் செத்துப்போனாள். அதன்பின் அந்தத் தீவில் எவரும் மாடி வைத்துக் கட்டவில்லை. வீடுகளைக் கயிற்றால் பாறைகளோடு பிணைத்தார்கள். மேற்கு வானத்தைப் பார்த்தே மூன்று தலைமுறைக்குக் கழுத்து வலி கண்டது. வரைபடம் வரையும் பொறுப்பு எனக்கு.

“நிலநடுக்கோட்டுக்கு இவ்வளவு பக்கத்துல புயல் உருவாகாது. இது கூடத் தெரியாம எழுதுறியே” என்றேன், ஆசிரியர் அறையில்.

“அப்ப கோட்டக் கொஞ்சம் தள்ளி வரைஞ்சிடு லா. பென்சில் உன் கையிலதானே இருக்கு?”

தள்ளி வரைந்தேன். புயல்தான் வரவில்லை. ஆமைகள் கலியாணம் செய்துகொண்டன, ஒரு நிலா பழுதடைந்தது, மூன்று புத்தகங்கள் முடிந்தன. உன் மகளின் திருமணத்துக்குப் புடவை எடுக்கத் தங்காக் துணிக்கடைக்குப் போயிருந்தோமே, நினைவிருக்கிறதா? துணியை அளந்துகொண்டிருந்த கடைக்காரர் உன்னை அடையாளம் கண்டு, அளவுகோலைக் கீழே வைத்துவிட்டார்.

“அலமாக், டீச்சர்! புயல் எப்பத்தான் வரும்? எங்க அம்மா அதப் பாக்காமலே போய்ட்டாங்க.”

“வரும்னுதான் சொன்னேன். தேதியா குடுத்தேன்?” என்றாய், கூச்சமே இல்லாமல். வீடு திரும்பும் வழியெல்லாம் புடவைப் பையை மடியில் வைத்துக்கொண்டு வெளியே பார்த்தே வந்தாய். அவருடைய தாயை எண்ணித்தான் என்று எனக்குத் தெரியும்.

பிறகு உன் கை நடுங்கத் தொடங்கியது. மருத்துவமனைக்குப் போவதும் வருவதுமாக நாள்கள் கழிந்தன. பிற்பகல்களில் நான் வந்து உன் கட்டிலருகே உட்காருவேன். ஒரு நாள் இந்த நோட்டை என்னிடம் நீட்டினாய்.

“நான் சொல்லச் சொல்ல நீ எழுது. புயல இறக்கிடலாம்.”

“உன் புயல். நீயே எழுது” என்றேன்.

நீ வற்புறுத்தவில்லை. சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாய். அதற்குப் பின்னும் மூன்று மாதம் உயிரோடு இருந்தாய். நானும் தவறாமல் வந்தேன். மருத்துவமனைக் கஞ்சியைத் திட்டினோம், பழைய தலைமை ஆசிரியரைத் திட்டினோம். நோட்டைப் பற்றி மறுபடி நீ வாய் திறக்கவில்லை. ஆக, நேரம் இருந்தது. எழுதும் கைதான் மறுத்தது. அந்தக் கை என்னுடையது.

உன் மகள் போன வாரம், சிங்கப்பூரில் வேலை முடிந்து திரும்பும் பேருந்திலிருந்து கூப்பிட்டாள். “ஆன்ட்டி, அச்சகத்துக்கு வெள்ளிக்கிழமை குடுக்கணும். கடைசி அத்தியாயத்த நீங்களே எழுதிடுங்க லா. அம்மா மனசு உங்களுக்குத்தானே தெரியும்?”

மூன்று முறை எழுதினேன். காற்றழுத்தம் குறைந்தது, அலை உயர்ந்தது, கூரைகள் பறந்தன. படித்துப் பார்த்தால் வானிலை அறிக்கை. கிழித்துப்போட்டேன். அசதியாக இருந்தது. செய்யாமல் விட்டதைக் காலம் கடந்து செய்ய முயல்வதைப்போல ஆளை அயரவைப்பது வேறில்லை.

இன்று மெய்ப்பை ஓரமாக வைத்துவிட்டு அரைப்பக்கம் எழுதினேன். ‘இத்தொடரின் ஆசிரியர் புயலைச் சொல்லி எழுதவைக்க ஆயத்தமாக இருந்தார். எழுதித் தர நான் மறுத்தேன். ஆகவே இந்நூலில் புயல் இல்லை.’ கீழே என் பெயர். முன்னுரையில் அந்த வரியை அடித்துவிட்டு, உன் மகளைக் கூப்பிட்டு இதைப் படித்துக் காட்டினேன். அவள் இன்றும் பேருந்தில்தான் இருந்தாள்.

“இதப் போட்டே ஆகணுமா ஆன்ட்டி? படிக்கிறவங்க உங்கள என்ன நினைப்பாங்க?”

“சரியாத்தான் நினைப்பாங்க.”

“ஏன் ஆன்ட்டி முடியாதுன்னீங்க?” என்றாள். “அம்மா கேட்டாங்கல்ல?”

பேருந்தைவிட்டு இறங்கும்போது பார்த்து இறங்கு என்று சொல்லிவிட்டு, போனை வைத்துவிட்டேன். அவளுக்குச் சொல்லாததை உனக்குச் சொல்கிறேன். விடைத்தாள் கட்டைத் திருத்தி முடிக்காமல் தேநீருக்குக்கூட எழமாட்டாய் நீ. புயல் மிச்சமிருக்கும்வரை இவள் போகமாட்டாள் என்று எண்ணினேன். முப்பது ஆண்டு பிள்ளைகளுக்குக் காற்றழுத்தம் கற்பித்தவள் எண்ணிய எண்ணம் இது. உன் தீவு மக்களை நான் எவ்வளவு கேலி செய்திருப்பேன்! அவர்களாவது வீட்டைக் கயிற்றால் பாறையில் கட்டிவைத்தார்கள்.

அன்று நான் நோட்டைத் திருப்பித் தருவதற்குள் நீ முதல் வரியைச் சொல்லிவிட்டாய்: ‘புயல் வந்தபோது வானத்தைப் பார்த்தவர் எவருமில்லை, எல்லாரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.’ நல்ல வரி. அதை நான் எழுதிக்கொள்ளவில்லை, நூலிலும் சேர்க்கவில்லை. தொடர்ந்து எழுத ஆளில்லாத வரியை அச்சிட்டு என்ன பயன்? சில நாள் மதியம் தட்டின் முன் தனியே உட்காரும்போது அது வந்து நிற்கும். கை கொஞ்சம் தயங்கும். பிறகு சோற்றைப் பிசைந்து சாப்பிடுகிறேன்.