வலையை விலக்கிய வெள்ளிக்கிழமை

சேலம்,
14.4.2025

அன்புள்ள தேவகுமாரி அக்காவுக்கு,

ஸ்டெஃபி எழுதுவது. வார்டுக்குள் போன் கூடாதாம். அதனால் நம் ஊர் ஜீப்காரர் மரியஜோசப் அண்ணனிடம் கடிதம் கொடுத்தனுப்புகிறேன். அம்மாவுக்கு வெள்ளிக்கிழமை நடுப்பகலில் இதய ஆபரேஷன். தள்ளிப்போட முடியாதாம். கோயிலில் அம்மாவுக்காக வேண்டிக்கொள்ளுங்கள்.

பசுமைக்குடில் சாவி உங்களிடம் இருப்பதால்தான் எனக்குத் தூக்கம் வருகிறது. பிழைப்பே அந்த ஆந்தூரியம் பூ நாற்றுதான். நிழல்வலை எப்போதும் மேலேயே இருக்கட்டும். காலையில் பனி மூடியிருக்கிறதே என்று விலக்கிவிடாதீர்கள். "மலையில என்ன வெயிலுங்க" என்று சிரிப்பீர்கள், தெரியும்!

உங்கள் ஸ்டெஃபி

நாகலூர்,
19.4.2025

அன்புக் கண்ணு ஸ்டெஃபிக்கு,

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததாம், மரியஜோசப் சொன்னார். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? நார்த்தங்காய் ஊறுகாய் கொடுத்தனுப்பியிருக்கிறேன். செடிகள் நன்றாக இருக்கின்றன.

தேவகுமாரி

சேலம்,
22.4.2025

அன்புள்ள அக்காவுக்கு,

அம்மா கஞ்சி குடிக்கிறார். "எங்க பக்கத்து ஊட்டுத் தேவகுமாரி ஜெபந்தானுங்க என்னையக் காப்பாத்துச்சு. நொம்ப நல்ல மனசுங்க" என்று நர்ஸிடமெல்லாம் சொல்கிறார். செடியையும் பார்த்துக்கொண்டு எங்களுக்காகவும் வேண்டிக்கொண்டீர்களே, நன்றி அக்கா.

ஸ்டெஃபி

நாகலூர்,
24.4.2025

கண்ணு,

நேரில் என்றால் எனக்கு வாய் வராது. செடிகள் நன்றாக இல்லை.

பெரிய வெள்ளியன்று காலையில் அப்படிப் பனி இறங்கியிருந்தது. பாவம், கொஞ்சம் வெளிச்சம் படட்டும் என்று வலையைச் சுருட்டிவிட்டு நடுப்பகல் மும்மணி ஆராதனைக்குப் போனேன். போதகர் ஐயர் சிலுவையின் ஏழு வார்த்தைகளில் நான்காவதற்கு வந்தபோது ஜன்னலில் சுள்ளென்று வெயில். முதல் வரிசையிலிருந்து எப்படி எழுந்து போவேன்? ஊரே பார்க்குமே என்று கடைசிவரை உட்கார்ந்திருந்தேன். வந்து பார்த்தால் பாதி நாற்றுக்கு மேல் வெந்து வெளுத்துக் கிடந்தது.

அதுகூடப் பரவாயில்லை. அங்கே உன் அம்மாவுக்கு ஆபரேஷன் நடந்த நேரமெல்லாம் நான் ஆண்டவரிடம் கேட்டது ஒரு மேகம் மட்டும்தான். உன் அம்மா நினைவே எனக்கு வரவில்லை. உன் கடிதத்தைப் படித்ததிலிருந்து சோறு இறங்கவில்லை. சாவியை யாரிடம் கொடுக்கட்டும்?

தேவகுமாரி

சேலம்,
26.4.2025

அக்காவுக்கு,

செடி கருகியதை மரியஜோசப் அண்ணன் போன சனிக்கிழமையே சொல்லிவிட்டார். நன்றாக இருக்கின்றன என்று நீங்கள் எழுதியதில்தான் கோபம். நீங்களாகச் சொல்கிறீர்களா பார்ப்போம் என்றே அந்த நன்றியை எழுதினேன். அம்மா அப்படிச் சொன்னது நிஜம், நன்றி மட்டும் பொய். இப்போது எனக்கே வெட்கமாக இருக்கிறது.

மேகம் கேட்டதற்குக் கோபமில்லை. அன்று ஆபரேஷன் தியேட்டர் வாசலில் நின்றுகொண்டு நானும், வலை மேலே இருக்குமா என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். அம்மாவிடம் அதைச் சொல்லவில்லை. நீங்களும் சொல்லாதீர்கள்.

சாவி உங்களிடமே இருக்கட்டும்.

உங்கள் ஸ்டெஃபி